இரவுக் குரல்களை இனங்காண்போம்

ஊர் உறங்கிய பின்னும் விழித்திருப்போர் இரு வகையினர். முறைத் தண்ணீர் தம் வயலுக்கு வரும் வேளையில் மண்வெட்டியும் விளக்குமாக வாய்க்காலோரம் நிற்கும் விவசாயி ஒருவர். வெயில் ஏறுமுன் பாவு தோய்ந்து உலர்த்திவிட வேண்டும் என்று கோழி கூவுமுன் எழுந்து பாவடிக்குச் செல்லும் நெசவாளர் மற்றொருவர். நம் சங்கத்தில் இவ்விரு சாராரும் அங்கத்தினர். ஆகவே இரவின் குரல்கள் நம் காதுகளுக்குப் புதியவை அல்ல. ஆயினும், "அதோ கத்துகிறதே, அது எந்தப் பறவை?" என்று ஒருவர் வினவினால் நம்மில் பெரும்பாலோர் விடை கூறத் தயங்குவர். "ஏதோ ராப்பட்சி" என்பர் சிலர். "சாக்குருவி" என்று குரலைத் தாழ்த்திக் கூறுவர் வேறு சிலர்.

பகலில் காணும் மைனாவையும் மீன்கொத்தியையும் சிறு பிள்ளைகளும் பெயர் சொல்லி அழைக்கின்றனர். இரவுப் பறவைகளுக்கு மட்டும் அந்த மதிப்பு வாய்க்கவில்லை. பெயர் அறியாத குரலிடம் அச்சம் தோன்றுகிறது. அச்சம் கல்லை எடுக்கச் சொல்கிறது. அக்கல்லால் நட்டமடைவது யார் என்பதை எடுத்துரைக்கவே இக்கட்டுரையை எழுதுகிறோம்.

கிடங்கின் முகட்டில் கேட்ட குரல்

சில ஆண்டுகளுக்கு முன் நம் சங்கக் கிடங்கின் முகட்டில் இரவுதோறும் யாரோ குறட்டை விடுவது போன்ற ஒலி கேட்பதாகக் காவலர் வந்து தெரிவித்தார். ஏணி வைத்து ஏறிப் பார்க்க அவர் துணியவில்லை. சில நாட்களில் குறட்டையோடு, துணியைக் கிழிப்பது போன்ற கொடிய கிறீச்சொலியும் சேர்ந்துகொண்டது. கிடங்கை அடுத்த வீட்டில் முதிய நெசவாளர் ஒருவர் நோயுற்றுப் படுத்திருந்தார். அவருடைய மகன் நிர்வாகக் குழுவிடம் வந்து, "ஐயா, அப்பாவுக்கு உடம்பு இப்படி இருக்கையில் அந்தப் பட்சி தினமும் கத்துகிறது. வீட்டில் பெண்கள் பயப்படுகிறார்கள். அந்தப் பொந்தை அடைத்துவிடுங்கள்" என்று கேட்டுக்கொண்டார். அவர் முகத்தில் இருந்த கவலையைக் கண்ட எவருக்கும் மறுத்துரைக்க மனம் வரவில்லை. அன்று மாலையே அடைத்துவிடலாம் என்று குழுவில் பலர் கூறினர். நெல் பயிரிடும் அங்கத்தினர் ஒருவர் மட்டும் ஒரு நாள் தவணை கேட்டார்.

மறுநாள் பொழுது சாயும் வேளையில், அந்த மகனையும் உடன் அழைத்துக்கொண்டு ஏணியில் ஏறினோம். உடைந்த தறிமரங்களுக்குப் பின்னால் நான்கு குஞ்சுகள் இருந்தன. படிக்கட்டுபோல ஒன்றைவிட ஒன்று சிறியது, வெள்ளை முகம், கரிய கண்கள். குறட்டை என்று நாம் எண்ணியது அவை இரைக்கு ஏங்கும் ஒலியே. கீழே விரற்கடை நீளத்தில் கரிய உருண்டைகள் குவிந்து கிடந்தன. விவசாயி அவற்றுள் ஒன்றைக் குச்சியால் உடைத்தார். உள்ளே எலியின் மண்டையோடும் தாடையும் மயிரும் இருந்தன. அன்று ஒரு முறத்தில் பொறுக்கிச் சேர்த்த எலி மண்டையோடுகள் நாற்பதுக்கு மேல். நூல் மூட்டைகளும் விதை நெல்லும் அடுக்கிய கிடங்கில் அவ்வாண்டு எலிக்கடி ஏன் குறைந்தது என்பது அப்பொழுதுதான் விளங்கிற்று.

மகன் வீட்டிற்குச் சென்று தந்தையிடம் கண்டதைக் கூறினார். ஐம்பது ஆண்டுக் காலம் விடியுமுன் பாவடிக்குச் சென்று வந்த அம்முதியவர் சிரித்தாராம். "நீ பொறந்த அன்னைக்கும் இது கத்துச்சு, கண்ணு. அப்ப யாரும் கேக்கலே" என்றாராம். பொந்து அடைக்கப்படவில்லை. மார்கழியில் அவர் காலமானார். அன்றிரவும் அப்பறவை கத்தியது. அதற்கு முந்திய இரவும் கத்தியது. பிந்திய இரவும் கத்தியது. கேட்போரிடம் இதனை இன்று எடுத்துச் சொல்பவர் அந்த மகனேயாவார்.

இரவில் குரலே அடையாளம்

பகற்பறவை நிறத்தாலும் ஆட்டத்தாலும் தன் இணையை அழைக்கலாம். இருளில் அது இயலாது. ஆகவே, "இது என் எல்லை" என்பதையும், "நான் இங்கே இருக்கிறேன்" என்பதையும் இரவுப் பறவை பெரும்பாலும் குரலாலேயே தெரிவிக்கிறது. மேலும், இரவில் நிலம் குளிர்ந்து, நிலத்தையொட்டிய காற்று மேற்காற்றைவிடக் குளிர்ச்சியாகிறது. அந்நிலையில் மேலே செல்லும் ஒலி வளைந்து மீண்டும் நிலத்தை நோக்கித் திரும்புகிறது. பகலில் எட்டாத தொலைவிலுள்ள குரல் இரவில் நம் திண்ணைக்கு வந்து சேர்வது இதனால்தான். மிக அருகில் கத்துவதாகத் தோன்றும் பறவை உண்மையில் இரண்டு வயல் தள்ளி இருக்கலாம்.

குரலைக் கேட்டவுடன் நமக்குள் நான்கு வினாக்களை எழுப்பிக்கொள்ள வேண்டும். குரல் தரையிலிருந்து வருகிறதா, மரத்திலிருந்தா, பறந்து செல்லும் வானிலிருந்தா? ஒரே ஒலியா, திரும்பத் திரும்ப வருவதா? இரவின் எந்தப் பொழுது? நிற்குமிடம் வயலா, நீர்நிலையா, கரட்டு நிலமா, ஊர்மனையா? இந்நான்கிற்கும் விடை கிடைத்தால், பறவையைக் காணாமலே பெரும்பாலும் பெயர் சொல்லிவிடலாம்.

முதற் ஜாமம்

விளக்கு வைக்கும் வேளையில், குளக்கரை மரத்திலிருந்து கிளம்பி வயலுக்கு மேலாகப் பறந்தவாறு "வக்" என்று ஒற்றைக் குரல் கொடுத்துச் செல்வது வக்கா. பகலெல்லாம் மரத்தில் உறங்கி, இரவில் மீனும் தவளையும் தேடும் கொக்கினம் இது. அதன் பெயரே அதன் குரல்.

அதே வேளையில் பாவடிப் புளியமரத்தில் இருவர் சண்டையிடுவதுபோல் "கிர்ர்-கிர்ர், சிவக்-சிவக்" என்று பேரிரைச்சல் எழுந்தால் அது புள்ளி ஆந்தை. மைனா அளவே ஆன சிறு பறவை. ஆணும் பெண்ணும் சேர்ந்தே குரல் எழுப்பும். மாலையிலும் விடியலிலும் மிகுதியாகக் கேட்கும். வண்டு, வெட்டுக்கிளி, சுண்டெலி ஆகியன இதன் உணவு. "ஆந்தை அலறுகிறது" என்று நம் வீட்டார் கூறுவது பெரும்பாலும் இச்சிறு பறவையையே.

சற்று இருட்டியபின், கல்தரையில் விழுந்த காசு துள்ளித் துள்ளி அடங்குவது போல, "டுக்... டுக்.. டுக்-டுக்ர்ர்" என்று இடைவெளி குறைந்துகொண்டே போகும் ஒலி தரையிலிருந்து கேட்கும். தறிமேடையிலிருந்து நழுவிய நாடா தரையில் விழுந்து ஓயும் ஒலியை நெசவாளர் அறிவர், ஏறக்குறைய அதுவே. இது பக்கி. வண்டிப்பாதையில் அமர்ந்திருக்கும், விளக்கொளி பட்டால் கண்கள் தீக்கங்குபோல் மின்னும். பேய்க்கண் என்று அஞ்சியவர் உண்டு. பறந்தபடியே விட்டில்களையும் வண்டுகளையும் வாயில் அள்ளிக்கொள்வது இதன் தொழில். பயிரைத் தின்னும் புழுக்களுக்குத் தாயான விட்டில்களை உண்பதால் இது விவசாயிக்குக் கூலி கேளாத ஆள்.

நள்ளிரவு

நிலவு காயும் இரவுகளில், கரட்டுக் காட்டிலும் கல் நிறைந்த மானாவாரி நிலத்திலும், மெல்லத் தொடங்கி மேன்மேலும் உயர்ந்து, பிறகு தணிந்து ஓயும் சீழ்க்கைக் குரல் கேட்கும். இது கண்கிலேடி. பெரிய மஞ்சள் கண்களும் நீண்ட கால்களும் உடையது. மண் நிறமே தன் நிறமாக இருப்பதால் பகலில் காலடியில் இருந்தாலும் புலப்படாது. வெறுந்தரையிலேயே முட்டையிடும். உழவு ஓட்டும்போது முட்டையைக் கண்டால் ஏரைச் சற்று விலக்கி ஓட்டுவது நம் முன்னோர் வழக்கம். டிராக்டர் ஓட்டுவோரும் அதனைக் கைக்கொள்ளலாம்.

வயல்வரப்பில் திடீரென்று ஒரு பறவை எழுந்து, பதற்றமான குரலில் நான்கு அசையாகத் திரும்பத் திரும்பக் கத்தினால் அது ஆள்காட்டி. இதுவும் தரையில் முட்டையிடும் பறவை. மனிதரோ நரியோ நாயோ நெருங்கினால் நள்ளிரவிலும் இவ்வாறு கத்தும். ஆகவே களத்தில் நெல் காப்பவர் இக்குரலைக் கேட்டால் எழுந்து ஒருமுறை சுற்றிப் பார்ப்பது நன்று. பெயரில் உள்ள உண்மை அதுவே.

மலையடிவாரத்திலும் கைவிடப்பட்ட கற்குழிகளின் பக்கத்திலும், குடத்திற்குள் வாய் வைத்துப் பேசுவதுபோல் "பூ-போஓ" என்று ஆழ்ந்த இரட்டைக் குரல் கேட்கும். இரண்டாவது அசை நீண்டு ஒலிக்கும். இது கொம்பன் ஆந்தை. தலையில் கொம்புபோல் இரண்டு இறகுக் கற்றைகள் நிற்கும். எலியும் பெருச்சாளியும் இதன் முதன்மையான இரை.

மழைக்காலத்தில் குளத்தோரப் புதரிலிருந்து ஓயாமல் ஒரே தாளத்தில் குவாக், குவாக் என்று இரவு முழுதும் கத்துவது கானாங்கோழி. நீர் நிறைந்த மகிழ்ச்சி அதற்கு. தூக்கம் போவது நமக்கு!

விடியற்காலம்

கோடையில் மூன்று நான்கு மணிக்கே ஆண் குயில் தொடங்கிவிடும். படிப்படியாக உயரும் அதன் "குக்கூ" யாவரும் அறிந்தது. ஆனால் "கிக்-கிக்-கிக்" என்று வெடுக்கெனக் கத்திச் செல்வதும் குயிலே, அதன் பெண் என்பதைப் பலர் அறியார். மூன்று அசையாக, ஒவ்வொரு முறையும் முன்னதைவிட உயர்ந்து, உச்சத்தில் அறுந்து நின்று, மறுபடியும் அடியிலிருந்து தொடங்கும் குரல் அக்காக்குயிலுடையது. மழைக்கு முந்திய புழுக்கமான இரவுகளில் விடிய விடியக் கத்தும்.

கூகையின் கணக்கு

நிற்க. நம் கிடங்கிற்கு வந்த விருந்தினரைப் பற்றிக் கூறி முடிக்கவில்லை. அது கூகை. நெஞ்சு வடிவ வெள்ளை முகம் உடையது. மற்ற ஆந்தைகள் போலக் கூவுவதில்லை. கிறீச்சிடும், சீறும், குறட்டை விடும். பேய் என்று அதனை எண்ணுவதற்கு அதன் வெண்மையும் ஓசையற்ற பறத்தலும் காரணமாயின.

ஓசையின்றிப் பறப்பது எப்படி? அதன் இறகை ஆராய்ந்தால் நெசவாளர்க்கு எளிதில் விளங்கும். சிறகின் முன்விளிம்பில் அச்சின் பற்கள் போன்ற நுண்ணிய பற்கள் உள்ளன. பின்விளிம்பில் துண்டின் குஞ்சம்போல் மெல்லிய இழைகள் தொங்குகின்றன. மேற்பரப்பு வெல்வெட்டுத் துணிபோல் மிருதுவானது. காற்று இவற்றால் சிறு சிறு கூறுகளாகப் பிரிக்கப்படுவதால் படபடப்பு எழுவதில்லை. எலிக்கு அது வருவது தெரியாது. ஆனால் எலி வரப்பில் சருகை மிதிப்பது அதற்குத் தெரியும். கூகையின் இரு காதுகளும் ஒரே உயரத்தில் அமைந்தவை அல்ல. ஒன்று சற்று மேலே, மற்றது சற்றுக் கீழே. இதனால் ஒலி இடமா வலமா என்பதோடு, மேலா கீழா என்பதையும் அது கணித்துவிடுகிறது. முழு இருட்டான அறையில் கூகை காதை மட்டுமே கொண்டு எலியைப் பிடிப்பதை அமெரிக்க உயிரியல் அறிஞர் ரோஜர் பெய்ன் சோதனைகளால் நிறுவி, 1971ஆம் ஆண்டு விரிவாக வெளியிட்டார். இரவில் நாம் அதன் குரலைக் கேட்டு அஞ்சுகிறோம்; அதுவோ எலியின் குரலைக் கேட்டு வாழ்கிறது.

நெற்பயிர் தொண்டைக்கதிர்ப் பருவத்தில் இருக்கும்போது எலி செய்யும் சேதம் நாம் அறியாததன்று. தின்பதைவிட வெட்டிப் போடுவது அதிகம். ஊர்மனையிலும் கஞ்சி தோய்ந்த பாவை அது விட்டுவைப்பதில்லை. எலிக்கிட்டி வைக்கிறோம், நஞ்சும் வைக்கிறோம். கிட்டியால் பிறவுயிர்க்குப் பெருந்தீங்கில்லை. ஆனால் புரோமடியோலோன் போன்ற, இரத்தம் உறையாமற் செய்யும் நஞ்சை உண்ட எலி உடனே இறப்பதில்லை. சில நாட்கள் தளர்ந்து நடமாடுகிறது. தளர்ந்த எலியே கூகைக்கு எளிதில் அகப்படுவது. அதன் வழியே நஞ்சு கூகையின் உடலிலும் சேர்கிறது. எலிகள் ஆண்டில் பலமுறை ஈன்று விரைவில் பெருகிவிடும். கூகை அவ்வளவு விரைவில் பெருகாது. ஆக, காவலாளை இழந்து கள்ளரைப் பெருக்கியவர்களாகிறோம்.

பிற நாட்டு விவசாயிகள் இக்கணக்கை உணர்ந்து செயற்பட்டுள்ளனர். மலேசியாவில் எண்ணெய்ப்பனைத் தோட்டங்களில் கூகைகளுக்குப் பெட்டிக்கூடுகள் அமைத்து எலியைக் கட்டுப்படுத்த முயன்று பயன் கண்டனர். இஸ்ரேலில் 1980களில் ஒரு கூட்டுப்பண்ணையில் இம்முயற்சி தொடங்கியது. பின்னர் ஜோர்தானிய, பாலஸ்தீன விவசாயிகளும் இதில் சேர்ந்தனர். எல்லைகளைப் பற்றி மனிதர் உடன்படாத நிலத்திலும் எலியைப் பற்றி உடன்பாடு ஏற்பட்டிருக்கிறது.

அச்சமும் சட்டமும்

ஆந்தையைப் பற்றிய அச்சம் இன்று தோன்றியதன்று. புறநானூற்றுப் புலவர் ஒருவர் கூகைக்கோழியார் என்றே பெயர் பெற்றுள்ளார். சுடுகாட்டில் கூகை குரலெழுப்புவதைப் பாடியவர் அவர். எனினும், பஞ்சபட்சி சாத்திரத்தில் ஐந்து பறவைகளுள் ஒன்றாக ஆந்தைக்கு இடம் தந்ததும் நம் முன்னோரே. ஊரில் இரவுதோறும் ஆந்தை கத்துகிறது. எல்லா இரவிலும் மரணம் நிகழ்வதில்லை. மரணம் நிகழ்ந்த இரவில் நாம் விழித்திருக்கிறோம். ஆதலால் அன்றைய குரலை மட்டும் நினைவில் வைக்கிறோம். நோயாளியின் அறையில் விளக்கு எரிவதும், அவ்விளக்கைச் சுற்றும் பூச்சிகளைத் தேடிப் புள்ளி ஆந்தை வருவதும் உண்டு. அவ்வீட்டாரின் துயரை நாம் எள்ளி நகையாடலாகாது. அவர்களை மெல்ல அழைத்துச் சென்று பறவையைக் காட்டுவதே நலம்.

அச்சத்தினும் கொடியது பேராசை. மாந்திரீகத்திற்கென்று ஆந்தைகளைப் பிடித்து விற்போர் இன்னும் உள்ளனர். இந்தியாவில் காணப்படும் 30 ஆந்தை வகைகளுள் 15 வகைகள் வாணிபத்தில் சிக்கியிருப்பதை 2010ஆம் ஆண்டு வெளிவந்த டிராஃபிக் இந்தியா அமைப்பின் அறிக்கை எடுத்துக்காட்டியது. 1972ஆம் ஆண்டின் வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டத்தின்படி ஆந்தையைப் பிடிப்பதும் கொல்வதும் விற்பதும் குற்றம். கூட்டையும் முட்டையையும் அழிப்பதும் குற்றமே. கிடங்கின் பொந்தை அன்று குஞ்சுகளோடு அடைத்திருந்தால், பாவத்தோடு சட்டத்தின் பழியும் நம்மைச் சேர்ந்திருக்கும்.

அங்கத்தினர் செய்யத்தக்கவை

முதலாவது: வயலில் ஆங்கில "டி" எழுத்தின் வடிவில் மரக்குச்சிகளை நட்டால் இரவில் ஆந்தைகள் அமர்ந்து எலியை நோக்க வசதியாகும். பால்பிடிக்கும் பருவம் வந்ததும் அவற்றை அகற்றிவிட வேண்டும். இல்லையேல் மணி கொத்தும் பறவைகளுக்கு அவை ஆசனமாகிவிடும்.

இரண்டாவது: பொந்துள்ள முதிய மரங்களை வெட்டுமுன் இருமுறை எண்ண வேண்டும். மரம் இல்லாத இடத்தில், சுமார் இரண்டடி நீளமும் ஒன்றரை அடி அகலமும் உடைய பெட்டியில் அரை அடி வாயில் வைத்து, கிடங்கின் முகட்டிலோ உயர்ந்த கம்பத்திலோ பொருத்தலாம். நம் தச்சருக்கு இது ஒரு நாள் வேலை.

மூன்றாவது: ஆந்தை குடியிருக்கும் இடத்தைச் சுற்றி எலி நஞ்சைத் தவிர்த்துக் கிட்டியைப் பயன்படுத்த வேண்டும். செத்த எலிகளை வரப்பில் எறியாமல் புதைத்துவிட வேண்டும்.

நான்காவது: கேட்ட குரலை எழுதி வைக்க வேண்டும். நாள், நேரம், இடம், குரலின் சாயல் ஆகிய நான்கும் போதும். கைப்பேசி உள்ளோர் குரலைப் பதிவும் செய்யலாம். கார்னெல் பல்கலைக்கழகப் பறவையியல் ஆய்வகத்தின் மெர்லின் என்னும் செயலியில், குரலைக் கேட்டுப் பறவையின் பெயர் கூறும் வசதி 2021 முதல் உள்ளது. ஆயினும் கருவி கூறியதைக் காதும் ஒப்புக்கொள்ள வேண்டும். 1941இல் முதற்பதிப்பு வெளிவந்த சலீம் அலியின் இந்தியப் பறவைகள் நூலும், மா. கிருஷ்ணனின் தமிழ்க் கட்டுரைகள் அடங்கிய "மழைக்காலமும் குயிலோசையும்" என்னும் நூலும் சங்க நூலகங்களில் இருக்கத் தக்கவை. கூட்டின் மீது விளக்கடிப்பதும், குஞ்சுகளைக் கையில் எடுப்பதும் கூடா.

கூட்டுறவு என்பது மனிதர் ஒருவர்க்கொருவர் துணை நிற்பது. நாம் உறங்கும்போது நம் வயலையும் நூலையும் காக்கும் இப்பறவைகள் பங்குத்தொகை செலுத்தவில்லை. இலாபப் பங்கீடும் கேட்கவில்லை. ஒரு பொந்தும், கல்லெறியாத கையும் போதும் என்கின்றன. இன்றிரவு தண்ணீர் பாய்ச்சச் செல்லும் அங்கத்தினரும், விடியலில் பாவடிக்குச் செல்லும் அங்கத்தினரும் சற்றே நின்று செவி கொடுத்து, கேட்ட குரலின் பெயரைத் தம் பிள்ளைகளுக்குச் சொல்லுமாறு வேண்டிக்கொள்கிறோம்.